கோடீஸ்வரன் வழக்கும் சாய்ந்தமருது இளைஞரின் ஒரு மாதமும்

பத்திரிகையில் நான் பணியாற்றிய காலத்தில், நேர்முகப் பரீட்சையில் தெரிவாகாதவர்கள் பெயர்ப் பட்டியலைச் சுருட்டிக்கொண்டு என்னைத் தேடி வருவதுண்டு. சாய்ந்தமருதுப் பட்டதாரி ஒருவரை இன்னும் நினைவிருக்கிறது. தன்னிலும் தகைமை குறைந்தவர் தெரிவாகிவிட்டார் என்பது அவரது முறைப்பாடு. கல்முனையில் தெரிந்த சட்டத்தரணி ஒருவரிடம் அழைத்துச் சென்றேன். அவர் சான்றிதழ்களைப் பார்க்கவேயில்லை. "பட்டியல் வந்தது எப்ப தம்பி?" என்று மட்டும் கேட்டார். மூன்று மாதமாகியிருந்தது. திணைக்களத்துக்குக் கடிதம் எழுதிவிட்டு இளைஞர் பதிலுக்குக் காத்திருந்தாராம்.

அந்தக் கேள்விக்குப் பின்னால் நீண்டதொரு வரலாறு உண்டு.

1956ஆம் ஆண்டின் 33ஆம் இலக்க அரசகரும மொழிச் சட்டம் சிங்களத்தை மட்டும் ஆட்சிமொழியாக்கியது. தமிழில் படித்து எழுதுவினைஞராக வர எண்ணிய கல்முனை, மருதமுனை முஸ்லிம் பிள்ளைக்கும் யாழ்ப்பாணப் பிள்ளைக்கும் அது ஒரே தடைதான். அதே ஆண்டுத் தேர்தலில் கல்முனையும் பொத்துவிலும் தமிழரசுக் கட்சியின் முஸ்லிம் வேட்பாளர்களைத் தெரிவுசெய்தமை தற்செயல் அன்று.

கேகாலைக் கச்சேரியில் கடமையாற்றிய செல்லையா கோடீஸ்வரனுக்குச் சிங்களத் தேர்ச்சி இல்லையென்று 1962இல் சம்பள ஏற்றம் மறுக்கப்பட்டது. அற்பத் தொகைதான். அவரோ அந்த மொழிச் சட்டமே சோல்பரி யாப்பின் 29ஆம் பிரிவுக்கு முரணானது என்று வழக்குத் தொடுத்தார். 1964இல் கொழும்பு மாவட்ட நீதிமன்றம் அவர் பக்கம் தீர்ப்பளித்தது. 1967இல் உயர் நீதிமன்றம் அதைப் புரட்டியது. மொழிச் சட்டத்தைப் பற்றி அது வாய் திறக்கவில்லை. அரச ஊழியர் சம்பளத்துக்காக முடிக்கு எதிராக வழக்காட முடியாது என்றது. 1969 டிசம்பரில் இலண்டன் பிரிவி கவுன்சில், வழக்காடலாம் என்று தீர்த்து, மொழிப் பிரச்சினையை உயர் நீதிமன்றத்துக்கே திருப்பி அனுப்பியது. அந்தக் கேள்வி அங்கு விசாரிக்கப்படவேயில்லை. 1971இல் பிரிவி கவுன்சிலுக்கான மேன்முறையீடு ஒழிந்தது. 1972 யாப்போடு 29ஆம் பிரிவும் போயிற்று. வென்றும் விடை கிடைக்காத மனிதர் அவர்.

அதே 1972 யாப்பு இன்னொன்றையும் செய்தது. நம்மவர்கள் இதை அதிகம் பேசுவதில்லை. அரச சேவை நியமனம், இடமாற்றம், பதவி நீக்கம் பற்றிய அமைச்சரவையின் தீர்மானங்களை எந்த நீதிமன்றமும் விசாரிக்கலாகாது என்று அதன் 106ஆம் பிரிவு கதவடைத்தது. 1978 யாப்பும் அந்த அடைப்பைப் பெரும்பாலும் விட்டுவைத்தது. ஆனால் 126ஆம் உறுப்புரையின் கீழ் ஒரு வாசல் திறந்தது. சமத்துவ உரிமை மீறப்பட்டதென்று உயர் நீதிமன்றத்தில் மனுச் செய்யலாம். நிபந்தனை, ஒரு மாதத்துக்குள் செய்ய வேண்டும். அந்த நீதிமன்றமோ கொழும்பு புதுக்கடையில் மட்டுமே இருக்கிறது. கல்முனையிலிருந்து முந்நூறு கிலோமீற்றருக்கும் அதிக தூரம். இரவு பஸ், சட்டத்தரணியின் கட்டணம், ஆவணங்களின் பிரதிகள். பட்டியலில் பெயர் இல்லாதவனுக்கு வேலையும் இல்லை என்பதை நினைவிற் கொள்க.

1996ஆம் ஆண்டின் 21ஆம் இலக்க மனித உரிமைகள் ஆணைக்குழுச் சட்டம் ஓரளவு கைகொடுத்தது. ஒரு மாதத்துக்குள் ஆணைக்குழுவிடம் முறையிட்டால், விசாரணை நிலுவையிலுள்ள காலம் கணக்கில் சேராது. கல்முனையிலேயே பிராந்திய அலுவலகமும் வந்தது. ஆனால் முறைப்பாட்டுப் பிரதி மட்டும் போதாது, விசாரணை உண்மையில் நடைபெற்றது காட்டப்பட வேண்டும் என்று பிந்திய தீர்ப்புகள் இறுக்கின. திணைக்களத்துக்கு எழுதும் கடிதமோ இந்தக் கடிகாரத்தை நிறுத்துவதேயில்லை. பணிவாகக் கேட்டுப் பார்ப்போம் என்று காத்திருப்பவரே காலம் கடந்து நிற்கிறார்.

சட்டத்தரணி அன்று கட்டணம் வாங்கவில்லை. இளைஞர் பட்டியலை மீண்டும் சுருட்டிக்கொண்டார். இரண்டு கிழமை கழித்து என்னைச் சந்தித்தபோது, திணைக்களத்தின் பதில் வந்துவிட்டதென்று காட்டினார். அவரது கடிதம் கிடைத்ததாக அதில் எழுதியிருந்தது.