அபி லிங்கன் பாடியதும் விமர்சகர் கேட்டதும்



"இது கலையல்ல, பிரச்சாரம்" என்ற தீர்ப்பை நாம் பலமுறை கேட்டிருக்கிறோம். அந்தத் தீர்ப்பு எங்கிருந்து பிறக்கிறது என்பதை ஓர் இசைத்தட்டின் வரலாற்றைக் கொண்டு இன்று பார்க்கலாம். 1961 பிப்ரவரி 22 அன்று நியூயார்க்கில் பதிவான 'ஸ்ட்ரெய்ட் அஹெட்' என்ற ஜாஸ் இசைத்தட்டு அது. பாடியவர் அபி லிங்கன் என்னும் கறுப்பினப் பெண்.

1930இல் சிகாகோவில் பிறந்த அவர் இரவு விடுதிகளில் பாடிப் பெயர் பெற்றவர். 1956இல் வந்த ஒரு ஹாலிவுட் படத்தில், மர்லின் மன்றோ முன்பு அணிந்த உடையை அணிந்து தோன்றினார். அவரது குரலைவிட உடம்பைத்தான் சந்தை கேட்டது. அந்த உடையைத் தானே எரித்துவிட்டதாகப் பின்னாளில் அவர் சொன்னார். டிரம்ஸ் கலைஞர் மாக்ஸ் ரோச்சுடன் சேர்ந்தபின் அவரது பாட்டு திசை மாறியது. 1960இல் பதிவான ரோச்சின் 'வீ இன்சிஸ்ட்!' விடுதலை இசைத்தொகுப்பில் ஒலித்தது அவர் குரல்.

காங்கோவின் தலைவர் பத்ரிஸ் லுமும்பா கொல்லப்பட்டதைக் கண்டித்து, 1961 பிப்ரவரி 15 அன்று ஐ.நா. பாதுகாப்பு அவையின் பார்வையாளர் மாடத்தில் கறுப்பினத்தவர் எழுப்பிய கிளர்ச்சியில் அபி லிங்கனும் இருந்தார். ஏழு நாள் கழித்து அவர் ஒலிப்பதிவுக் கூடத்தில் நின்றார்.

அந்தத் தட்டில் என்ன இருக்கிறது? பால் லாரன்ஸ் டன்பரின் கவிதை ஒன்று பாட்டாகியிருக்கிறது. லாங்ஸ்டன் ஹியூஸ் எழுதிய பாட்டு ஒன்றும், பில்லி ஹாலிடே எழுதிய பாட்டு ஒன்றும் உண்டு. தெலோனியஸ் மங்க்கின் மெட்டுக்கு அபி லிங்கனே வரிகள் எழுதினார். கோல்மன் ஹாக்கின்ஸ், எரிக் டால்ஃபி, புக்கர் லிட்டில் ஆகியோர் வாசித்தார்கள். கறுப்பினக் கவிதையும் இசையும் மூன்று தலைமுறையாகச் சேர்த்த சொத்து அது.

அவ்வாண்டு நவம்பரில் 'டவுன் பீட்' இதழில் ஐரா கிட்லர் என்ற வெள்ளை விமர்சகர் அதற்கு மதிப்புரை எழுதினார். அபி லிங்கன் "தொழில்முறை நீக்ரோ" ஆகிவிட்டார் என்பது அவர் வைத்த குற்றச்சாட்டு. நீக்ரோ என்பது அன்று அச்சில் புழங்கிய சொல். தன் இனத்தைச் சொல்லிப் பிழைக்கிறார் என்பதே அதன் பொருள்.

இதையொட்டி அவ்விதழ் ஒரு விவாதம் நடத்தி, 1962 மார்ச்சில் இரண்டு பகுதிகளாக அச்சிட்டது. விமர்சகரும் பாடகரும் நேருக்கு நேர் அமர்ந்தார்கள். அபி லிங்கன் அந்த வசவை மறுத்ததோடு நிற்கவில்லை. அதைத் திருப்பி வைத்தார். பிறர் எதிர்பார்த்த உடையில், பிறர் எதிர்பார்த்த பாட்டைப் பாடிய காலத்தில்தான் தான் இனத்தை விற்றதாகச் சொன்னார். அப்போது தான் கலைஞராக இல்லை, சொல்வதற்குத் தன்னிடம் எதுவும் இருக்கவில்லை என்றார்.

இங்கே ஒன்றைக் கவனியுங்கள். அவர் அந்த உடையில் நின்றபோது எந்த விமர்சகரும் "இனத்தை விற்கிறாய்" என்று சொல்லவில்லை. தன் வாழ்வைப் பாடியபோதுதான் அது வியாபாரமாகத் தெரிந்தது. அதற்காக வெள்ளையர் எல்லோரையும் ஒரே கணக்கில் வைக்க முடியாது. அந்தத் தட்டைத் தயாரித்த நாட் ஹென்டாஃப்பும் வெள்ளையர்தான். விவாதத்தில் அவரும் இருந்தார்.

அதன்பின் பன்னிரண்டு ஆண்டுகள் அபி லிங்கன் பெயரில் புதிய தட்டு பதிவாகவில்லை. அடுத்தது 1973இல் டோக்கியோவில் பதிவானது. 2003இல் ஜாஸ் இசைக்கான அமெரிக்காவின் உயரிய தேசிய விருது அவருக்குக் கிடைத்தது. 2010இல் மறைந்தார்.

விருது வந்ததால் நீதி கிடைத்துவிட்டது என்று நான் சொல்லமாட்டேன். முப்பது வயதுக் குரலின் பன்னிரண்டு ஆண்டுகளை எந்த விருதும் திருப்பித் தராது. ஆனால் அந்த விவாதம் அச்சில் இருக்கிறது, அவருடைய பதிலும் இருக்கிறது. உங்கள் கவிதையை நாளை ஒருவர் "வெறும் கோஷம்" என்று ஒதுக்கினால், அவர் எதைக் கலையென்று கேட்டுப் பழகியவர் என்று திருப்பிக் கேளுங்கள். பிறகு உங்கள் எழுத்தைத் தொடருங்கள்.