அசைச்சொல்லும் வெற்றுரையும்

சொல்லின் பயன் பொருள் உணர்த்துதல். தொல்காப்பியர் சொல்லதிகாரத்துப் பெயரியலின் தொடக்கத்திலேயே, எல்லாச் சொல்லும் பொருள் குறித்து வருவன என்று வரையறுத்துவிடுகிறார். ஆயின் அவரே, ஓர் இயல் கடந்து வரும் இடையியலில், தமக்கெனப் பொருள் காட்டாத சில சொற்களை எண்ணித் தொகுத்து, அவற்றுக்கு அசைநிலை, இசைநிறை என்று பெயரும் இடுகிறார். எல்லாச் சொல்லும் பொருளுடையன எனின், பொருள் தராத சொல் எவ்வாறு சொல்லாகும்? இவ்வினா இன்று நேற்று எழுந்ததன்று. இளம்பூரணர், சேனாவரையர், நச்சினார்க்கினியர், தெய்வச்சிலையார், கல்லாடனார் எனச் சொல்லதிகாரத்துக்கு உரைகண்ட பெருமக்கள் இடைச்சொற்களை ஆராய்ந்த இடங்கள் தமிழர்தம் மொழிச்சிந்தனையின் நுட்பத்தைக் காட்டுவன. பொருளில்லாச் சொல்லைப் பற்றி நம் முன்னோர் கொண்ட கருத்து எத்தகையது, அக்கருத்து இன்றைய நம் எழுத்துக்கும் பேச்சுக்கும் எவ்வாறு உரைகல்லாகும் என்பனவற்றை ஆராய்வதே இக்கட்டுரையின் நோக்கம்.

இடையியல் காட்டும் நெறி

இடைச்சொல் தனித்து இயங்கும் ஆற்றல் உடையதன்று. பெயரையும் வினையையும் சார்ந்து நடப்பது. தொல்காப்பியர் அதனை ஏழு வகையாகப் பகுக்கிறார். சாரியை, காலம் காட்டுவன, வேற்றுமை உருபு, அசைநிலை, இசைநிறை, குறிப்பால் பொருள் தருவன, உவம உருபு என அவற்றை நாம் எளிமைப்படுத்திக் கூறலாம். இவற்றுள் அசைநிலையும் இசைநிறையுமே தமக்கெனப் பொருளற்றவை. இசைநிறை செய்யுளின் ஓசையை நிறைப்பது. அசைநிலை பிற சொல்லொடு சார்ந்து நிற்பது. 'அசைத்தல்' என்பதற்குக் கட்டுதல் என்னும் பொருள் பழந்தமிழில் உண்டு. கட்டும் கயிறு மலர் ஆகாது. ஆயினும் கயிறின்றி மாலை இல்லை. அசையின் நிலையும் அத்தகையதே.

இங்கே கருதத்தக்க செய்தி ஒன்று உண்டு. பொருள் தராத சொல் எனினும், அது விரும்பியவாறு எங்கும் வந்து நிற்க இலக்கணம் இடங்கொடுக்கவில்லை. மியா, மோ, மதி முதலிய ஆறு சொற்கள் முன்னிலைக்கு உரிய அசைகள் என்று தொல்காப்பியர் வரையறுக்கிறார். அவற்றுள் இகும், சின் ஆகிய இரண்டு மட்டும் பிற இடங்களிலும் வரத் தகுதியுடையன என்று விதிவிலக்கும் தருகிறார். அரோ, மாது, பிறக்கு முதலிய வேறு ஏழனைத் தனியே எண்ணுகிறார். 'மற்று' என்பது வினைமாற்றாகவும் வரும், அசையாகவும் வரும். 'அந்தில்' என்பது ஆங்கு என்னும் இடப்பொருளும் தரும், அசையுமாகும். 'ஏ' என்னும் ஓரெழுத்துக்குத் தேற்றம், வினா, பிரிநிலை, எண் என நான்கு பொருள் கூறி, ஐந்தாவதாகவே ஈற்றசையை வைக்கிறார். 'கொன்' என்னும் சொல்லுக்கு அச்சம், காலம், பெருமை என்பனவற்றோடு பயனின்மையும் ஒரு பொருளாகும். பயனின்மையைக் குறிக்கவும் பயனுடைய ஒரு சொல்லை வைத்திருந்த மொழி நம்முடையது!

ஆகவே ஒரு சொல்லை அசை என்று தள்ளுவது இலக்கண ஆசிரியர்க்கு முதல் வழியன்று, இறுதி வழி. பொருள் காண முயன்று, காணவியலாத இடத்திலேயே அசை என்னும் பெயர் இடப்பட்டது. திருக்குறளுக்குப் பரிமேலழகர் எழுதிய உரையில், சொற்பொருளை எல்லாம் விளக்கிய பின்னர் இன்னது அசைநிலை என்று குறித்துச் செல்லும் இடங்கள் பல. படிப்போன் அச்சொல்லில் இல்லாத பொருளைத் தேடி மயங்காதிருக்க உரையாசிரியர் செய்த உதவி அது.

அசை பெருகிய வரலாறு

தொல்காப்பியத்தில் மேற்கூறிய இரு தொகுதிகளிலும் அமைந்த அசைகள் 13. மூன்றாம் குலோத்துங்கன் காலத்தில், சீயகங்கன் என்னும் தலைவன் வேண்ட, பவணந்தி முனிவர் இயற்றிய நன்னூலுக்கு வருவோமாயின், முன்னிலை அசைகள் 10, பிற அசைகள் 20 என அத்தொகை 30 ஆகிறது. இப்பெருக்கத்திற்குக் காரணம் யாது?

புதியனவாகச் சேர்ந்த சொற்களை நோக்கினால் காரணம் விளங்கும். வாழிய, ஓரும், போலும், இருந்து, நின்று, இட்டு என்பன அவற்றுட் சில. இவை பிறவியிலேயே பொருளற்றவை அல்ல. 'வாழிய' என்பது நெஞ்சார வாழ்த்திய சொல். 'ஓரும்' என்பது எண்ணிப் பார்த்தலைக் குறிக்கும் வினையினின்று வந்தது. 'இருந்து', 'நின்று' என்பன உடலின் இயக்கத்தைக் காட்டிய வினைகள். பலகாலும் பலராலும் வழங்கப்பட்டு, செய்யுளில் இடம் நிரப்பப் பயன்பட்டு, இவை பொருள் தேய்ந்து அசைகளாயின. வாழ்த்தே அசையாகிவிடக்கூடும் என்பதை இலக்கணமே பதிவு செய்திருக்கிறது என்பது சிந்திக்கத்தக்கது.

எதிர்த் திசையிலும் ஒரு மாற்றம் நிகழ்ந்தது. 'கின்று' என்பதை அசையென எண்ணும் நன்னூலே, அதனை நிகழ்கால இடைநிலைகளுள் ஒன்றாகவும் கூறுகிறது. 'மதி', 'மோ' என்பனவற்றை இக்கால மொழியியலார் ஏவல்வினையின் விகுதிகளாகக் கொள்வர். முன்னிலைக்கண் மட்டுமே வரும் என்று தொல்காப்பியர் வகுத்த எல்லையே, அச்சொற்கள் ஒரு தொழிலைச் செய்தன என்பதற்குச் சான்றாகும். இவ்வாறு ஒரு காலத்தில் பொருளுடையது பின்னர் வெறுமை எய்துவதும், வெறுமை எனக் கருதப்பட்டது ஆய்வில் பொருள் பெறுவதும் மொழி வரலாற்றில் உண்டு. 1868இல் சி. வை. தாமோதரம்பிள்ளை சொல்லதிகாரத்தைச் சேனாவரையர் உரையோடு அச்சேற்றியிராவிடில், இவ்வாய்வுகள் நமக்கு எட்டப் பன்னெடுங்காலம் ஆகியிருக்கும்.

கேட்போன் கூறும் அசை

அசை செய்யுளுக்கு மட்டும் உரியது என்று கருதுவோர் இடையியலின் ஒரு நூற்பாவை நோக்க வேண்டும். ஆக, ஆகல், என்பது என்னும் மூன்று சொற்களும் இரட்டித்து நின்று, பிரிவில்லாத அசைகளாக வரும் என்கிறார் தொல்காப்பியர். இவை உரையாடலில் கேட்போன் வாயில் பிறப்பவை. ஒருவன் தன்னைப் பற்றியோ பிறரைப் பற்றியோ ஒன்றைக் கூற, கேட்டவன் 'ஆக ஆக' என்கிறான். அவன் உடன்பட்டானா? இல்லை. உடன்பாடு இல்லாதபோதும் ஈடுபாடு இல்லாதபோதும் இவ்வாறு கூறுதல் உண்டு என்பது சேனாவரையர் தரும் விளக்கத்தின் சாரம். இன்று நாம் 'சரி சரி' என்றும் 'அப்படியா, அப்படியா' என்றும் கூறுவதில்லையா? அதே வழக்கு, சொற்கள் மட்டுமே வேறு.

மனித உறவின் ஒரு நுண்ணிய கூறு இந்நூற்பாவில் பதிவாகியுள்ளது. மறுத்துப் பேசினால் மனம் நோகும், ஒப்பினால் பொய்யாகும். இரண்டும் செய்யாது உரையாடலை நகர்த்த ஒரு வெற்றுச் சொல் வேண்டியிருக்கிறது. இதில் தீங்கில்லை. ஏனெனில் சொல்வோனும் கேட்போனும் அச்சொல் ஒன்றையும் உறுதி கூறவில்லை என்பதை அறிவர்.

பொருளில கூறல்

இவ்வளவு பரிவோடு அசைக்கு இடந்தந்த தொல்காப்பியம், மரபியலில் நூலின் குற்றங்களை எண்ணுமிடத்துப் 'பொருளில கூறல்' என்பதை ஒரு குற்றமாக வைக்கிறது. நன்னூலாரும் தம் பத்துக்குற்றங்களில் வெற்றெனத் தொடுத்தலையும் நின்று பயனின்மையையும் சேர்க்கிறார். அங்கே ஏற்றது இங்கே குற்றமானது எவ்வாறு?

விடை அரிதன்று. அசை ஒரு சொல்லளவில் நிற்கும் வெறுமை. அது தன்னைப் பொருளென்று காட்டிக்கொள்வதில்லை. அதனை நீக்கினாலும் தொடரின் கருத்துக் குறையாது. பொருளில கூறலோ தொடரளவில் நிகழும் வெறுமை. எழுவாயும் பயனிலையும் முறையே அமைந்து, ஏதோ ஒன்று கூறப்பட்டது போன்ற தோற்றம் அங்கே உண்டு. உரித்துப் பார்த்தாலோ உள்ளே ஒன்றும் இராது. முன்னது மாலையிலுள்ள நார். பின்னது மணமில்லாத தாள்மலர்.

வள்ளுவர் இதனை இலக்கணக் குற்றமாக மட்டும் கொள்ளாமல் அறக்குற்றமாகவே கொண்டார். இல்லறவியலில் புறங்கூறாமைக்கும் தீவினையச்சத்துக்கும் இடையே பயனில சொல்லாமையை வைத்த வைப்புமுறை எண்ணத்தக்கது. பயனற்ற சொல்லைப் பாராட்டுவோனை மக்களுள் பதராகவே அவர் கருதுகிறார். பதரும் நெல்லைப் போன்ற உருவுடையதே. உள்ளீடு இன்மையே அதன் குறை. உருவத்தால் மயக்கும் வெறுமைக்கு இதனினும் பொருத்தமான உவமை கிடைப்பதரிது.

கல்லிற் பொறித்த சொல்

உள்ளீடுள்ள சொல் எவ்வாறிருக்கும் என்பதற்கு வரலாற்றிலிருந்து ஒரு சான்று காட்டலாம். உத்தரமேரூரில் முதலாம் பராந்தகன் காலத்துக் கல்வெட்டுகள் இரண்டு, 919, 921ஆம் ஆண்டுகளுக்கு உரியன, குடவோலை முறையை விவரிக்கின்றன. ஊரில் குடும்புகள் 30. வாரியத்துக்குத் தகுதி பெறுவோன் கால் வேலிக்கு மேற்பட்ட இறைநிலம் உடையவனாய்த் தன் மனையிலே வீடு கட்டியிருப்பவனாய் இருத்தல் வேண்டும். முந்திய மூன்றாண்டுகளில் வாரியம் செய்தவன் ஆகான். வாரியம் செய்து கணக்குக் காட்டாதவனும் அவன் உறவினரும் ஆகார். வயது இன்னதற்கு மேல் இன்னதற்குள் என்றும் அறுதியிடப்பட்டது.

இக்கல்வெட்டு அனைவருக்கும் இடந்தந்த ஒன்றன்று. நிலமில்லாதாருக்கும் மறையோதாதாருக்கும் மகளிர்க்கும் அதில் இடமில்லை. ஆனால் அதனையும் அது மறைக்கவில்லை. யார் உள்ளே, யார் வெளியே என்பதை வெளிப்படையாகச் சொன்னமையால்தான், ஆயிரம் ஆண்டுகள் கழித்தும் அதனைப் பாராட்டவும் குறைகூறவும் நம்மால் முடிகிறது. அதனினும் சிறந்த செய்தி ஒன்றுண்டு. முதற் கல்வெட்டில் 30 முதல் 60 வரை என இருந்த வயது வரம்பு, இரண்டே ஆண்டுகளில் 35 முதல் 70 வரை எனத் திருத்தப்பட்டது. 'தக்க வயதினர்' என்று மட்டும் எழுதியிருந்தால் திருத்துவதற்கு எதுவும் இருந்திராது. திருத்தவும் மறுக்கவும் இடந்தருவதே உள்ளீடுள்ள சொல்லின் இலக்கணம் எனலாம்.

'ஆவன செய்யப்படும்'

1956ஆம் ஆண்டின் ஆட்சிமொழிச் சட்டத்திற்குப் பின்னர்த் தமிழ் அலுவலகங்களில் அமர்ந்தது, பெருமைக்குரிய நிகழ்வு. ஆயின் ஆங்கிலக் கோப்புகளின் மழுப்பலும் உடன் வந்து அமர்ந்தது. 'ஆவன செய்யப்படும்', 'தக்க நடவடிக்கை எடுக்கப்படும்', 'பரிசீலனையில் உள்ளது' என்னும் தொடர்களை அறியாதார் யார்? செய்பவர் யார், செய்வது எது, எந்நாளுக்குள் என்னும் மூன்றும் இவற்றில் இல்லை.

செய்வோனைச் சொல்லாது விடுதல் தமிழுக்குப் புதிதன்று. செயப்படுபொருளையே செய்தது போலக் கூறுவதும் வழக்கென்று தொல்காப்பியர் ஒப்புகிறார். 'திண்ணை மெழுகிற்று' என்பது உரைகளில் வழங்கும் எடுத்துக்காட்டு. மெழுகியவள் யாரென்று அத்தொடர் கூறவில்லை. ஆனால் மெழுகப்பட்ட திண்ணை கண்முன் இருக்கிறது. ஐயமுற்றோர் தொட்டுப் பார்க்கலாம். 'ஆவன செய்யப்படும்' என்பதில் செய்வோரும் இல்லை. தொட்டுப் பார்க்கத் திண்ணையும் இல்லை.

இது நடையழகு பற்றிய குறைபாடு மட்டுமன்று. என் தந்தையார் மறைந்தபின், குடும்ப ஓய்வூதியக் கணக்கில் நேர்ந்த பிழையைத் திருத்தக் கோரி என் தாயார் ஓர் அலுவலகத்துக்குத் தொடர்ந்து விண்ணப்பித்தார். வந்த மறுமொழிகள் அனைத்திலும் ஒரே தொடர்: 'பரிசீலனையில் உள்ளது.' முடியாது என்று எழுதியிருந்தால் மேல்முறையீடு செய்திருக்கலாம். முடியும் என்றிருந்தால் நாள் கேட்டிருக்கலாம். இரண்டும் அல்லாத அத்தொடருக்கு எதிராக முறையிட ஒரு வாயிலும் இல்லை. எளியோரிடமிருந்து வெற்றுரை முதலில் பறிப்பது காசையன்று. மறுத்துப் பேசும் உரிமையையே.

நிறைவாக

பத்தாண்டு நிறைவு காணும் இலக்கிய வட்டத்தின் மலரில் இதனைக் கூறுவதற்குக் காரணம் உண்டு. அலுவலகத்தாரை மட்டும் குறைகூறி நாம் தப்பிவிட இயலாது. நம் இலக்கிய அமைப்புகளின் நிகழ்ச்சிக் குறிப்பேடுகளைப் புரட்டினால், 'இன்னார் சிறப்புரை ஆற்றினார். அவை மெய்ம்மறந்தது' என்னும் தொடர்களே மிகுதி. அவர் எந்தப் பாட்டுக்குப் புதுப்பொருள் கண்டார், அதனை மறுத்தவர் யார், மறுப்புக்கு விடை யாது என்பன இல்லை. 'சொற்கொண்டல்', 'நாவுக்கரசு' என்னும் பட்டங்களும், முன்னர்க் கண்ட 'வாழிய' போல, பழகிப் பழகி அசைகளாகி வருகின்றன. பேசப்பட்டவை காற்றோடு போக, பாராட்டு மட்டும் ஏட்டில் எஞ்சுகிறது. நாளைய வரலாற்றாசிரியர் நம்மைப் பற்றி அறிய அதில் ஒன்றும் இராது.

இதற்கு மருந்து பெரிதன்று. ஒவ்வொரு கூட்டத்தின் குறிப்பிலும் பேச்சாளர் நிறுவிய கருத்து ஒன்றையும், அவையில் எழுந்த மறுப்பு ஒன்றையும் இரண்டு வரிகளில் எழுதி வைப்போமாயின், அடுத்த பத்தாண்டில் அதுவே ஓர் ஆய்வுக் கருவூலமாகும். ஓசைக்கு அசை வேண்டும். உறவுக்கு 'ஆக ஆக' வேண்டும். இவற்றுக்கு நம் இலக்கணம் இடம் வைத்திருக்கிறது. அவற்றின் இடம் எது, பொருளின் இடம் எது என்று பிரித்தறிந்ததே தொல்காப்பியர் தொடங்கி வந்த தமிழ் மரபு. அம்மரபைப் போற்றுவோம் என்று மேடையில் கூறுவதைவிட, அடுத்த கூட்டத்தின் குறிப்பேட்டில் அதனைக் கடைப்பிடித்தல் நன்று.