நிப்பா: சேற்றுப் பனையும் அதன் புதைபடிவங்களும்

நிப்பா என்பது பனைக் குடும்பத்தில் உள்ள ஒரு பேரினம். இன்று உயிரோடிருக்கும் இனம் ஒன்றே: நிப்பா ஃப்ருட்டிகன்ஸ். இந்த ஒன்றுக்காகவே பனைக் குடும்பத்தில் தனித் துணைக்குடும்பம் வகுத்திருக்கிறார்கள். இலங்கையின் தென்மேற்குக் கரை, சுந்தரவனம், அந்தமான் தொடங்கி மலேசியா, பிலிப்பைன்ஸ் வழியாக வட ஆஸ்திரேலியா, சாலமன் தீவுகள் வரை, ஆறும் கடலும் கலக்கும் சேற்றில் அடர்ந்து வளர்கிறது. மலேசியத் தமிழர் ‘அத்தாப்பு’ என்று சொல்லும் கூரை பெரும்பாலும் இதன் ஓலையால் வேய்ந்ததுதான்.

பனை என்றாலும் அடிமரம் கண்ணில் படாது. அது சேற்றுக்குள் கிடையாகப் படுத்து, இரண்டிரண்டாகக் கிளைத்து ஊர்ந்து செல்லும். ஓலைகள் மட்டும் 7, 8 மீட்டர் உயரத்துக்கு நிமிர்ந்து நிற்கும். குலையின் காம்பைப் பல நாள் வளைத்தும் தட்டியும் பழக்கிப் பிறகு சீவினால் இனிப்பு நீர் சுரக்கும். கள், வெல்லம், காடி மூன்றும் அதிலிருந்து கிடைக்கின்றன. நம் பனையேறிகள் பார்த்தால் பொறாமைப்படுவார்கள்: ஏறவே வேண்டாம், தரையில் நின்றபடியே சீவலாம். இளம் விதை நுங்கைப் போலிருக்கும். சிங்கப்பூரில் ஐஸ் கச்சாங் சாப்பிட்டவர்கள் அதைச் சுவைத்திருப்பார்கள்.

வரலாற்றுக்கு முக்கியமானது காய். மனிதத் தலையளவு உருண்டைக் குலையில் ஒன்றையொன்று நெருக்கிக்கொண்டு வளர்வதால் ஒவ்வொரு காயும் கோணல்மாணலாகப் பட்டை பிடித்திருக்கும். உதிர்ந்தது நீரில் மிதக்கும். மிதக்கும்போதே முளைவிடுவதும் உண்டு. நாரடர்ந்த தோல், உறுதியான கொட்டை, போய்ச் சேரும் இடம் சேறு. புதைபடிவமாவதற்கு இதைவிடத் தோதான காயைக் காண்பது அரிது.

பேரினப் பெயர் 1757-இலும் இனப் பெயர் 1779-இலும் அச்சேறின. கல்லாகிப்போன காய்கள் ஐரோப்பியர் கையில் அந்நாளிலேயே இருந்தன. ஆனால் அவையும் நிப்பாவும் ஒரே செடி என்று யாருக்கும் தோன்றவில்லை. பிரஸ்ஸல்ஸ் மணற்படுகைகளில் கிடைத்த காய்களை 1784-இல் படம் வரைந்து வெளியிட்ட பூர்டான், அவற்றைத் தேங்காய் என்றே எண்ணினார். 1828-இல் பிரெஞ்சுத் தாவரவியலாளர் பிரோஞ்ஞியாரும் தென்னைப் பேரினத்திலேயே வைத்து, பூர்டானின் பெயரைச் சூட்டினார்.

இங்கிலாந்தின் தேம்ஸ் முகத்துவாரத்தில் உள்ள ஷெப்பி தீவில் இக்காய்கள் ஏராளம். அங்கே ஈயோசீன் காலத்து லண்டன் களிமண்ணைக் கடல் அரித்துக்கொண்டே இருக்கிறது. அந்தக் கரையில் பைரைட் என்னும் இரும்புக் கந்தகக் கற்களைப் பெண்களும் குழந்தைகளும் பொறுக்கி, அன்னபேதி என்னும் இரும்பு உப்பைக் காய்ச்சும் தொழிலுக்குக் கொடுத்துவந்தார்கள். பைரைட் ஊறிக் கல்லான காய்களும் அந்தக் கற்களோடு கிடந்தன. ஊர்க்காரர்களுக்கு அவை ‘கல்லான அத்திப்பழங்கள்’. பைரைட் காற்றும் ஈரமும் பட்டு அன்னபேதியாக மாறுவதுதான் அந்தத் தொழிலின் அடிப்படை. அதே வேதிமாற்றம் இன்று அருங்காட்சியக இழுப்பறைகளில் ஷெப்பி காய்களைத் தூளாக்குகிறது.

இவற்றுக்கு உரிய உறவைக் கண்டுபிடித்தவர் ஜேம்ஸ் ஸ்காட் பௌவர்பேங்க். தொழில் சாராயம் வடிப்பது, ஈடுபாடு புதைபடிவம். 1840-இல் வெளியிட்ட நூலில், இவை தேங்காயல்ல, நிப்பாவுக்கு நெருங்கியவை என்று காட்டி ‘நிப்படைட்டிஸ்’ என்ற பேரினத்தை உருவாக்கினார். காயின் அளவும் வடிவமும் மாறும்போதெல்லாம் ஒரு புது இனம் என்று எண்ணிப் பெயர்களைப் பெருக்கியது அவருடைய பிழை. ஒரே குலையில் நெருக்குண்டு வளரும் காய்கள் ஒன்றைப்போல் ஒன்று இருக்காது என்பதை, உயிருள்ள நிப்பாவைப் பார்த்தவர்கள் அறிவார்கள். லண்டன் களிமண் தாவரங்களைப் பற்றி 1933-இல் எழுதிய எலினர் ரீடும் மார்ஜரி சாண்ட்லரும் அவற்றை வாழும் பேரினத்திலேயே சேர்த்தார்கள். பௌவர்பேங்க் உறவினர் என்று எண்ணியது அந்தப் பேரினத்தின் பழைய உருவமே.

இந்தியச் சான்று இன்னும் பழையது. மத்தியப் பிரதேசத்தின் சிந்த்வாடா மாவட்டத்தில் மோகாவ்ன் கலான் என்ற ஊர். தக்காண எரிமலைக் குழம்பின் இரு அடுக்குகளுக்கிடையே சிக்கிய படிவில், சுமார் 6.6 கோடி ஆண்டுப் பழமையான நிப்பா காய்கள் உள்ளமைப்பு குலையாமல் கிடைத்தன. தொல்தாவரவியலாளர் ஷ்யா சித்தலே இவற்றை விரிவாக ஆராய்ந்தார். எந்தக் கடற்கரையிலிருந்தும் பல நூறு கிலோமீட்டர் உள்ளே உப்பங்கழிப் பனை எப்படி வந்தது? அன்று கடலின் ஒரு கை நடு இந்தியா வரை நீண்டிருந்தது என்று வாதிடுவோர் முன்வைக்கும் சான்றுகளில் இந்தக் காயும் ஒன்று.

காயைவிட மகரந்தம் அதிகம் சொல்கிறது. நிப்பாவின் மகரந்தத்தில் இடுப்புக்கயிறு போல ஒரு பள்ளம் சுற்றிவரும், மேலெல்லாம் முள். இந்த வடிவப் புதைபடிவ மகரந்தத்துக்கு, சரவாக் படிவுகளை ஆராய்ந்த யான் முல்லர் 1968-இல் ‘ஸ்பினிசோனோகால்பைட்டிஸ்’ என்ற வாய்கொள்ளாப் பெயரை வைத்தார். சுமார் 7 கோடி ஆண்டுகளுக்கு முன், கிரெட்டேசியஸ் காலத்தின் கடைசியிலேயே, இது தென் அமெரிக்கா, ஆப்பிரிக்கா, இந்தியா, போர்னியோ எங்கும் பரவியிருந்தது. முள்ளுக்குப் பதில் குச்சி போன்ற புடைப்புகள் கொண்ட வகைகளும் உண்டு. அழிந்துபோன உண்மையான உறவினர்கள் அவையாக இருக்கலாம்.

புவி வெகுவாக வெப்பமாயிருந்த ஈயோசீனில் நிப்பா எட்டாத கரை குறைவு. டெக்சாஸ், எகிப்து, தென்துருவத்துக்கு இன்றைவிட அருகில் அன்று கிடந்த டாஸ்மேனியா என எங்கும் காய்கள் கிடைத்திருக்கின்றன. பிறகு குளிர்ச்சி கூடக் கூட ஒவ்வொரு கரையாக விட்டு விலகி, அமெரிக்காவிலும் ஆப்பிரிக்காவிலும் அற்றுப்போனது. ஜப்பானின் இரியோமோட்டே தீவில் நிற்கும் சிறு கூட்டம்தான் இன்று அதன் வட எல்லை.

ஆப்பிரிக்காவுக்கு அதை மனிதர்கள் மீண்டும் கொண்டுபோனார்கள். 1906-இல் சிங்கப்பூர் தாவரவியல் தோட்டத்திலிருந்து நைஜீரியாவின் கலபாருக்கு விதைகள் சென்றன. கரை அரிப்பைத் தடுப்பது நோக்கம். இப்போது நைஜர் கழிமுகத்தில் உள்ளூர் அலையாத்தி மரங்களை நெருக்கித் தள்ளும் அந்நியக் களை என்று அதை வெட்டி அகற்றப் பார்க்கிறார்கள். அதே நாட்டில் எண்ணெய்க்காகத் துளையிடும்போது மேலே வரும் பழைய மண்ணில், முள் பதித்த அந்த மகரந்தம் கிடைக்கிறது.