கங்காரு எலி: பாலைக்கும் புல்வெளிக்கும் நடுவே

கங்காரு எலி என்பது வட அமெரிக்காவின் மேற்குப் பாதியில், கனடாவின் தென்விளிம்பு முதல் மெக்சிகோவின் நடு மேட்டுநிலம் வரை, மழை குறைந்த இடங்களில் வாழும் கொறிவிலங்கு. டைப்போடோமிஸ் என்னும் பேரினத்தில் ஏறத்தாழ 20 இனங்கள் இருக்கின்றன. பெயரில் வரும் கங்காருவுக்கும் இதற்கும் எந்த உறவும் இல்லை. பின்னங்கால்களால் துள்ளித் துள்ளிப் போவதால் ஒட்டிக்கொண்ட பெயர் அது. சரியாகப் பார்த்தால் எலி என்பதும் பொருந்தாது. நம் வீட்டு எலியின் குடும்பம் வேறு, இதன் குடும்பம் வேறு. இதற்கு நெருங்கிய சொந்தம், அதே கண்டத்தில் மண்ணுக்குள்ளேயே காலம் தள்ளும் கோஃபர். ஆசிய, ஆப்பிரிக்கப் பாலைகளில் இதைப் போலவே துள்ளும் ஜெர்போவாவும் தனி வழியில் வந்ததுதான். திறந்த வெளி, பொறுக்கித் தின்ன விதை, துரத்த வரும் பகை என்று ஒரே நெருக்கடி இரு பக்கமும் இருந்ததால் இரு விலங்குகளுக்கும் ஒரே உடலமைப்பு வாய்த்திருக்கிறது.

பெரிய தலை, இரவுக்கென்றே அமைந்த கரிய கண்கள், மார்போடு ஒடுங்கிய குட்டி முன்னங்கைகள், உடலைவிட நீண்டு நுனியில் குஞ்சம் கட்டிய வால் என்று எல்லா இனங்களும் ஒரே அச்சில் வார்த்தவை. மெரியம் கங்காரு எலி ஓர் எலுமிச்சம்பழத்தின் எடைதான், 40 கிராம் அளவு இருக்கும். பெரிய கங்காரு எலியோ 150 கிராமைத் தாண்டும். வாயின் இருபக்கமும், வாய்க்கு வெளியே திறக்கும்படி, உள்ளே மயிர் முளைத்த கன்னப்பைகள் உண்டு. விதை கிடைத்தவுடன் முன்னங்கைகளால் இந்தப் பைகளில் திணிக்கும். வளைக்குத் திரும்பியதும் அதே கைகளால் வெளியே தள்ளிக் கொட்டும். விதை எச்சிலில் நனைவதே இல்லை. தண்ணீர் குடிக்காமல் வாழும் விலங்குக்கு இந்தச் சிக்கனம் சாதாரண விஷயமல்ல.

பெயர் வந்த வழி

முதல் விவரிப்பு 1841இல் வந்தது. மெக்சிகோவின் ரியல் டெல் மோண்டே சுரங்கப் பகுதியிலிருந்து வந்த ஒரு மாதிரியைப் பார்த்து, பிரிட்டிஷ் அருங்காட்சியகத்தின் ஜான் எட்வர்ட் கிரே, கிரேக்கத்தில் ‘இருகால் எலி’ என்று பொருள்படும் டைப்போடோமிஸ் என்னும் பெயரை வைத்தார். அதன்பின் பெயர் வைத்தவர்களில் பலர், மேற்கு நோக்கி நகர்ந்த அமெரிக்க அரசின் படைகளோடும் நில அளவைக் குழுக்களோடும் போனவர்கள். ஆர்டு கங்காரு எலியை 1853இல் விவரித்த சாமுவேல் வுட்ஹவுஸ் அப்படி ஒரு குழுவின் மருத்துவர். 1851 பயணத்தில் நம் ஊரில் சாரைப்பாம்பு போல அங்கே எளிதில் எதிர்ப்படும் கிலுகிலுப்பைப் பாம்பு ஒன்று அவர் விரலில் கடித்தது, எப்படியோ பிழைத்துக்கொண்டார். அவர் பெயரிட்ட எலி அந்தப் பாம்புக்கு அன்றாட இரை.

1890க்குப் பிறகு இனங்கள் மளமளவென்று பெருகின. அமெரிக்க வேளாண் துறையின் உயிரியல் ஆய்வுப் பிரிவுக்குத் தலைவராக இருந்த ஹார்ட் மெரியம் கொடிவால் கங்காரு எலி, சான் வாக்கீன் கங்காரு எலி, பெரிய கங்காரு எலி, ஸ்டீபன்ஸ் கங்காரு எலி ஆகியவற்றை வரிசையாக விவரித்தார். அவர் பெயரைத் தாங்கும் இனத்தை விவரித்தவர் மட்டும் எட்கர் மேர்ன்ஸ் என்னும் ராணுவ மருத்துவர். பட்டியல் வளர்ந்த காரணத்தை மறக்கக் கூடாது. விவசாயிக்கும் மாடு வளர்ப்பவருக்கும் எந்தப் பிராணி கெடுதல், எது உதவி என்று சொல்வதற்காகத்தான் அந்தப் பிரிவுக்குச் சம்பளம். கங்காரு எலி கெடுதல் கணக்கில்தான் முதலில் எழுதப்பட்டது.

இனமும் இடமும்

பாலை என்று ஒரே சொல்லில் சொல்லிவிட்டாலும் இந்த விலங்குகள் அதற்குள் மண் பார்த்துப் பிரிந்து குடியிருக்கின்றன. பாலைக் கங்காரு எலி தளர்ந்த ஆழ்மணல் இருந்தால்தான் தங்கும். அதன் மயிரும் அந்த மணல் நிறமே. மெரியம் கங்காரு எலி சரளை, களி, புதர்க்காடு என்று எதையும் சகித்துக்கொள்ளும். கொடிவால் கங்காரு எலிக்குப் புல் அடர்ந்த வறள்நிலம் வேண்டும். ஆர்டு இனம்தான் நெடுந்தூரம் பரவியது. கனடாவில் அல்பர்ட்டா, சஸ்காட்செவன் மாநிலங்களின் மணற்குன்றுகளில் பனிக்காலத்தை உடல் வெப்பத்தைத் தாழ்த்தி, அரைத்தூக்கமாகக் கழிக்கிறது. அங்கே குன்றுகளின் மணல் புல் மூடி அசைவற்றுப் போவதுதான் அதற்கு வந்த ஆபத்து; புல் வளர்வது எல்லா உயிருக்கும் நன்மை என்று பொதுவாகச் சொல்லிவிட முடியாது.

தனியாகச் சொல்ல வேண்டியது உளிப்பல் கங்காரு எலி. மற்றவை விதை தின்னும்; இது உப்புப்புதரின் இலை தின்னும். அந்த இலையின் மேல்தோலில் உப்பு குவிந்திருக்கும். இதன் கீழ்ப்பற்கள் உளிபோல் தட்டையானவை. இலையை முன்னங்கைகளில் பிடித்து, கேரட்டின் தோலைச் சீவுவதுபோல் உப்புத்தோலைச் சீவி எறிந்துவிட்டு, நீர் நிறைந்த உட்பகுதியை மட்டும் தின்னும். கலிபோர்னியாவின் ஓவன்ஸ் பள்ளத்தாக்கில் இதைக் கவனித்த ஆய்வாளர் கெனகி 1972இல் எழுதினார்.

தண்ணீர் இல்லாத வாழ்க்கை

1940களின் பிற்பகுதியில் உடலியல் ஆய்வாளர் க்னூட் ஷ்மிட்-நீல்சனும் அவர் மனைவி போடிலும் அரிசோனாவுக்கு வந்தார்கள். இந்தப் பிராணி எங்கிருந்துதான் தண்ணீர் எடுக்கிறது என்பது அவர்கள் கேள்வி. இரவுப் பனியை நக்குகிறது, வேரைத் தோண்டுகிறது, உடலில் எங்கோ சேர்த்து வைக்கிறது என்றெல்லாம் ஊகங்கள் இருந்தன. விடை அதன் தீனியிலேயே இருந்தது. உலர்ந்த தானியம் உடலில் எரியும்போது நீர் பிறக்கிறது. 100 கிராம் பார்லி சுமார் 54 கிராம் நீரைத் தரும். எல்லா விலங்குக்கும் இப்படித்தான் நீர் பிறக்கிறது. கங்காரு எலி அதைச் செலவழிக்காமல் வைத்துக்கொள்கிறது, அவ்வளவே. வியர்ப்பதில்லை. வெளிவிடும் மூச்சு குளிர்ந்த மூக்குத் துளை வழியே போகும்போது அதிலுள்ள ஈரம் மூக்கிலேயே படிந்துவிடும். சிறுநீரகம் மனிதச் சிறுநீரகத்தைவிட நான்கு மடங்கு செறிவாகக் கழிவை வடிக்கிறது. புரதம் மிகுந்த சோயாவை மட்டும் கொடுத்து, குடிக்கக் கடல்நீர் வைத்தபோது அதையும் குடித்துத் தாக்குப்பிடித்தது. நாம் குடித்தால் நீர் இழந்து செத்துப்போவோம்.

பாடப்புத்தகங்கள் இந்தக் கதையைப் பிடித்துக்கொண்டன. பகலெல்லாம் குளிர்ந்த ஈரமான வளைக்குள் உறங்கும் எலி என்று ஒரு சித்திரமும் நிலைத்தது. 2002இல் டிரேசி, வால்ஸ்பெர்க் என்னும் ஆய்வாளர்கள் சோனோரப் பாலையில் மெரியம் எலியோடு அளந்து பார்த்தபோது, கோடையில் வளைக்குள்ளும் சூடு 30 டிகிரியைத் தாண்டுவது தெரிந்தது. நினைத்ததைவிடக் கடுமையான சூழலில்தான் அது பகலைக் கழிக்கிறது.

காதும் காலும்

மண்டையின் பின்பக்கம் இரண்டு குமிழ்கள் புடைத்திருக்கும். அவை நடுச்செவியின் காற்றறைகள். இரண்டையும் சேர்த்தால் மூளையைவிடப் பெரிய இடம். ஆந்தை இறங்கும்போது எழும் இறகோசை, பாம்பு பாயும்போது பிறக்கும் மெல்லிய ஓசை ஆகிய தாழ்ந்த ஒலிகளுக்கு இந்த அறைகள் காதைக் கூர்மையாக்குகின்றன. 1960களில் டக்ளஸ் வெப்ஸ்டர் இந்த அறைகளை அடைத்துப் பார்த்தார். அடைபட்ட எலிகள் ஆந்தைக்கும் பாம்புக்கும் எளிதில் இரையாயின. மற்றவை கடைசி நொடியில் துள்ளித் தப்பின. அந்த நொடி எவ்வளவு சிறியது என்பது பிற்பாடு தெரிந்தது. அரிசோனாவின் யூமா அருகே அதிவேகக் கேமராக்களை வைத்து ரூலன் கிளார்க், டிமத்தி ஹைம் குழுவினர் எடுத்த படங்கள் 2019இல் வெளியாயின. பாம்பு பாயத் தொடங்கியதும், சில எலிகள் நொடியின் இருபதில் ஒரு பங்குக்கும் குறைந்த நேரத்தில் தரையை விட்டு எழும்பின. பல் பட்டுவிட்ட பிறகும் அந்தரத்தில் உடலைத் திருகிப் பின்னங்கால்களால் பாம்பின் முகத்தில் உதைத்துத் தள்ளிய காட்சிகளும் பதிவாகின.

அதே கால்கள் பேசவும் உதவுகின்றன. கொடிவால் எலி தன் மேட்டில் நின்று பின்பாதங்களால் தரையைத் தட்டும். ஒவ்வோர் எலிக்கும் ஒரு தாளக்கட்டு. பக்கத்து மேட்டுக்காரரின் தட்டு எது, அந்நியரின் தட்டு எது என்று மற்றவற்றுக்குத் தெரியும் என்பதை ஜான் ராண்டல் பல ஆண்டு ஆய்வில் காட்டினார். பாம்பைக் கண்டாலும் ஓடாமல் அதன் எதிரிலேயே நின்று தட்டும். பார்த்துவிட்டேன், காத்திருந்து பயனில்லை என்று அதற்கு அர்த்தம்.

நிலத்தை ஆக்கும் எலி

1922இல் சார்லஸ் வோரீஸ், வால்டர் டெய்லர் இருவரும் அரிசோனாவின் சாண்டா ரீட்டா மேய்ச்சல் ஆய்வு நிலத்தில் கொடிவால் எலியின் மேடுகளை வெட்டிப் பார்த்து எழுதிய அரசு அறிக்கை இன்றும் படிக்கத் தகுந்தது. ஓர் ஆள் கைகால் விரித்துப் படுத்தாலும் மிஞ்சும் அகலத்தில் மேடு. உள்ளே அடுக்கடுக்காகச் சுரங்கம். அறைகளில் வகைவகையாகப் புல்விதை, கிலோக்கணக்கில். மேட்டை ஒரே எலி கட்டுவதில்லை. தலைமுறை தலைமுறையாகத் தோண்டிச் சேர்ந்தது அது. பல நேரம் தாயின் மேடு பிள்ளைக்குப் போகிறது. மாட்டுக்குப் போக வேண்டிய புல்லை எலி எவ்வளவு தின்கிறது என்பதே அறிக்கையின் நோக்கம்.

பிறகு அதே நிலத்தில் இன்னொரு குற்றச்சாட்டும் எழுந்தது. மெரியம் எலி மெஸ்கிட் மரத்தின் விதைகளை ஆங்காங்கே சிறு குழிகளில் புதைத்து வைக்கும். எடுக்க மறந்தவை முளைத்துப் புல்வெளி மெஸ்கிட் காடாகிறது என்று ஹட்சன் ரெனால்ட்ஸும் கூட்டாளியும் 1949இல் எழுதினார்கள். மெஸ்கிட் என்பது நம் ஊர்க் கண்மாய்களை அடைத்திருக்கும் சீமைக்கருவேலத்தின் உடன்பிறப்பு. ஆகவே அந்த மாடு வளர்ப்பவர்களின் எரிச்சல் நமக்குப் புரியும். ஆனால் மெஸ்கிட் பரவியதற்குப் பெரும்பங்கு அவர்களுடைய மாடுகளுக்கே. காயைத் தின்று, விதையைச் சாணத்தோடு ஊரெல்லாம் போட்டவை அவை. புல்லை வழித்துத் தின்று மரத்துக்கு இடம் விட்டவையும் அவையே.

1977இல் அரிசோனாவின் போர்ட்டல் ஊருக்கு அருகே சூழலியலாளர் ஜேம்ஸ் பிரவுன் 24 வேலிகட்டிய நிலத்துண்டுகளை அமைத்தார். ஒவ்வொன்றும் 50 மீட்டர் சதுரம். சில வேலிகளில் 1.9 சென்டிமீட்டர் ஓட்டை மட்டும் வைத்தார். கங்காரு எலியின் சிறிய உறவான பை எலிகள் நுழையலாம், கங்காரு எலி நுழைய முடியாது. பன்னிரண்டு ஆண்டில் அந்தத் துண்டுகளுக்குள் புதர்களின் இடைவெளியெல்லாம் உயரமான புல்லாகிவிட்டது. பிரவுனும் கூட்டாளி ஹெஸ்கியும் 1990இல் இதை வெளியிட்டார்கள். பெரிய விதைகளைத் தேடித்தேடித் தின்பதாலும், ஓயாமல் மண்ணைக் கிளறுவதாலும், அங்கிருந்த மூன்று வகைக் கங்காரு எலிகளும் சேர்ந்து அந்த இடத்தைப் பாலையாகவே வைத்திருந்தன. முல்லையும் குறிஞ்சியும் மழை பொய்த்து இயல்பு திரிந்தால் பாலை பிறக்கும் என்பது நாம் படித்த இலக்கணம்; இங்கே வெயிலோடு ஓர் எலியும் கூடுகிறது. வேடிக்கை என்னவென்றால், அதே ஆண்டுகளில் வேலிக்கு வெளியே புதர் மும்மடங்கு பெருகியது, புல்லை நம்பிய கொடிவால் எலி அந்த ஆய்வு நிலத்திலிருந்தே மறைந்துபோனது.

வைக்கோல் போர்

கலிபோர்னியாவின் சான் வாக்கீன் பள்ளத்தாக்கும் அதன் மேற்கே கரிசோ சமவெளியும் பெரிய கங்காரு எலியின் நாடு. பருவம் முடியும் ஏப்ரல், மே மாதங்களில் இது செய்யும் வேலையைப் பார்த்தால் அறுவடைக் களம் நினைவுக்கு வரும். புல்லின் கதிர்களைக் கத்தரித்துத் தன் வளைமேட்டின் மேல் பரப்பிக் குவிக்கும். வெயிலில் நன்றாகக் காய்ந்த பின்தான் கீழே இறக்கும். ஈரக் கதிரை உள்ளே வைத்தால் பூசணம் பிடிக்கும் என்று நம் விவசாயிக்குச் சொல்லித்தர வேண்டியதில்லை, இதற்கும் வேண்டியதில்லை. மேட்டைச் சுற்றிப் புல் மொட்டையாகவும், மழைக்குப் பின் மேட்டில் மட்டும் பச்சை கூடுதலாகவும் இருப்பதால் விமானப் படங்களிலேயே வட்டவட்டமாகத் தெரியும். பெர்க்லி விலங்கியல் அருங்காட்சியகத்தின் ஜோசப் கிரினல் 1932இல் இதன் வாழிடத்தை விவரமாக எழுதியபோது இடம் தாராளமாக இருந்தது. 1960களில் பெரும் பாசனக் கால்வாய்கள் வந்தன. பள்ளத்தாக்கின் மேற்குக் கரை பருத்தியும் பழத்தோட்டமுமாக மாறியது. அணிலுக்கு வைத்த நஞ்சுத் தானியம் எலியையும் கொன்றது. பழைய வாழிடத்தில் சில விழுக்காடே மிஞ்சியது. 1987இல் கூட்டரசு இதை அருகிவரும் இனமாக அறிவித்தது; 2001இல் கரிசோ சமவெளி தேசிய நினைவிடமானது. சான் வாக்கீன் குள்ளநரியின் முக்கிய இரை இந்த எலி. இதன் வளைகளில் பல்லிகளும் ஒண்டிக்கொள்கின்றன.

வழக்கும் வாக்குவாதமும்

ஸ்டீபன்ஸ் கங்காரு எலி வாழும் கலிபோர்னியாவின் ரிவர்சைடு மாவட்டம், வீடுகள் வேகமாகப் பெருகிய இடம். 1988இல் அதற்குச் சட்டப் பாதுகாப்பு வந்ததும் நிலத்தரகு, விவசாயம், சுற்றுச்சூழல் எல்லாம் ஒன்றோடொன்று மோதின. 1993 அக்டோபரில் காட்டுத்தீ வீடுகளை எரித்தபோது, வீட்டைச் சுற்றிய புல்லை அகற்றச் சட்டிக்கலப்பை ஓட்டக் கூடாதென்று எலிக்காகத் தடுத்ததால்தான் வீடு போயிற்று என்று பேச்சு பரவியது. அமெரிக்க நாடாளுமன்றத்தின் தணிக்கை அமைப்பு 1994இல் ஆராய்ந்து, அந்தத் தடைக்கும் வீடுகள் எரிந்ததற்கும் தொடர்பில்லை என்றது. பேச்சு அதன் பிறகும் ஓயவில்லை. அதே ஆண்டு கெர்ன் மாவட்டத்தில், சட்டப் பாதுகாப்பிலிருந்த டிப்டன் கங்காரு எலிகளைக் கொன்றதாகச் சொல்லி, புலம்பெயர்ந்து வந்த ஒரு விவசாயியின் டிராக்டரை அதிகாரிகள் பறிமுதல் செய்தது நாடெங்கும் செய்தியானது. மறு ஆண்டு வழக்கு கைவிடப்பட்டது. சட்டத்தை எதிர்ப்பவர்களுக்கு அதைவிட நல்ல படம் கிடைத்திருக்க முடியாது. ரிவர்சைடில் 1996இல் காப்புநிலத் திட்டம் நிலைபெற்றது. 2022இல் ஸ்டீபன்ஸ் எலியின் நிலை ஒரு படி இறக்கப்பட்டது. அழிவின் விளிம்பிலிருந்து அச்சுறுத்தலுக்கு உள்ளானதாக.

எல்லாவற்றுக்கும் அந்த வாய்ப்பு கிட்டவில்லை. மோரோ விரிகுடா கங்காரு எலியைக் காட்டில் கடைசியாகப் பிடித்தது 1986இல். பாஜா கலிபோர்னியாவின் சான் கின்டின் கங்காரு எலியும் அதே 1986க்குப் பிறகு கண்ணில் படவில்லை. கடலோரச் சமவெளி முழுவதும் வயலாகிவிட்டதால் அழிந்ததென்றே பலரும் முடிவு கட்டியிருந்தார்கள். 1925இல் அதை விவரித்தவர் சான் டியேகோ இயற்கை வரலாற்று அருங்காட்சியகத்தின் லாரன்ஸ் ஹியூயி. 2017இல், வழக்கமான கணக்கெடுப்புக்காக இரவில் வைத்த பொறிகளில் அந்த எலி வந்து விழுந்தது. பொறி வைத்தவர்கள் அதே அருங்காட்சியகத்துக்காரர்கள்.