மைனாக்களுக்கு மரண தண்டனை

18ஆம் நூற்றாண்டில் பிரெஞ்சுக்காரர் வசமிருந்த பூர்போன் தீவில் (இன்றைய ரெயூனியோன்) வெட்டுக்கிளித் தொல்லை தாங்கவில்லை. கவர்னர் தெஃபோர்ழ்-பூஷே இந்தியாவிலிருந்து சில ஜோடி மைனாக்களைத் தருவித்தார் என்று எழுதுகிறார் புய்ஃபோன். பக்கத்து மொரீஷியஸுக்கும் 1762இல் மைனா போயிற்று.

விதைத்த நிலத்தைப் பறவைகள் கிளறுவதைப் பார்த்த குடியானவர்கள், தானியத்தைத் தின்கின்றன என்று புகார் செய்தார்கள். முறைப்படி விசாரணை! தானியத்தை அல்ல, பூச்சியைத்தான் தேடுகின்றன என்று மைனாக்களுக்காக வாதாடியும் பலனில்லை. கவுன்சில் தீர்ப்பளித்த 2 மணி நேரத்தில் தீவில் ஒன்றுகூட மிச்சமில்லை. (ஒரு புகாரின் மேல் இவ்வளவு வேகமான நடவடிக்கையை என் சர்வீசில் நான் கண்டதில்லை.)

வெட்டுக்கிளி மறுபடி பெருகியது. 8 ஆண்டு கழித்து மைனாக்களைத் திரும்ப வரவழைத்தார்கள். இம்முறை சட்டப் பாதுகாப்பு. அதோடு, மைனாக்கறி உடம்புக்கு ஆகாது என்று வைத்தியர்களும் சொல்லிவிட்டார்கள்.