வேதத்தில் சிரிக்கலாமா?

போன வாரம் ராத்திரி ஜெபத்தில் பேத்தி பைபிள் வாசித்துக்கொண்டிருந்தாள். எண்ணாகமம் 22ஆம் அதிகாரம். பிலேயாம் ஏறிப்போன கழுதை வாய் திறந்து பேசும் இடம் வந்ததும் குபீரென்று சிரித்துவிட்டாள். "வேதம் வாசிக்கறப்ப என்னடி சிரிப்பு?" என்று என் மகள் கையை ஓங்கினாள். "அப்புச்சி, நீங்களே சொல்லுங்க!" என்று அவள் என் பின்னால் ஒளிந்துகொண்டாள்.

எனக்குச் சின்ன வயது ஞாபகம் வந்துவிட்டது. நான் காரைக்காலில் பிரெஞ்சு வழியில் படித்தவன். ஞானோபதேச வகுப்பில் இதே கழுதைக்கு நானும் சிரித்து, அரை மணி நேரம் முட்டி போட்டிருக்கிறேன். அப்போது பூசை லத்தீனில். 1962 முதல் 1965 வரை நடந்த இரண்டாம் வத்திக்கான் சங்கத்துக்குப் பிறகுதான் தமிழ் வந்தது. புரியாத மொழியில் யார் சிரிப்பது? தமிழில் வந்த பிறகும் என் முகம் இறுகியே இருந்தது. ஓய்வு பெற்று, அவசரமில்லாமல் வாசித்தபோதுதான் உள்ளே எவ்வளவு சிரிப்பு இருக்கிறதென்று தெரிந்தது.

பிலேயாமையே பாருங்கள். பெரிய ஞானதிருஷ்டிக்காரன்; சபிப்பதற்காக ராஜாவே ஆளனுப்பி அழைத்தவன். வழியில் தேவதூதன் வாளோடு நிற்பது கழுதைக்குத் தெரிகிறது, அவனுக்குத் தெரியவில்லை. மூன்று முறை அடிக்கிறான். கழுதை நியாயம் கேட்டால், கழுதை எப்படிப் பேசுகிறது என்று திகைக்காமல் அதனோடு வாதம் செய்கிறான்! இதைச் சொன்னவர்கள் யூதர்கள். சிரிக்க வைக்கத்தான் சொல்லியிருப்பார்கள்.

ஆபிரகாமுக்கு 100 வயது, சாராளுக்கு 90. பிள்ளை பிறக்கும் என்று கேட்டதும் இருவருமே சிரிக்கிறார்கள். சாராள் பயந்துபோய், சிரிக்கவே இல்லை என்று சாதிக்கிறாள். கடவுள் விடவில்லை, சிரித்ததுதான் என்கிறார். ஆனால் தண்டிக்கவில்லை. பிறந்த பிள்ளைக்கு ஈசாக்கு என்று பெயர். எபிரேய மொழியில் 'சிரிக்கிறான்' என்று பொருள். சிரிப்பையே பெயராகக் கொண்ட பிள்ளை!

இயேசுவும் குறைந்தவரல்ல. தன் கண்ணில் உத்திரத்தை வைத்துக்கொண்டு அடுத்தவன் கண்ணில் துரும்பு எடுக்கப் போகிறவனைச் சொல்கிறார். நம் பழைய ஓட்டு வீட்டு உத்திரத்தை அண்ணாந்து பார்த்துவிட்டு அதை நினைத்துப் பாருங்கள்.

சில சிலேடைகள் மொழிபெயர்ப்பில் போய்விடுகின்றன. பேதுருவைப் பாறை என்று சொல்வது பிரெஞ்சில் அப்படியே நிற்கும். பியேர் என்றால் ஆள் பெயரும் அதுதான், கல்லும் அதுதான். தமிழில் பேதுரு எங்கே, பாறை எங்கே!

இதை நம் நாட்டில் புரிந்துகொண்டவர் வீரமாமுனிவர். 1680இல் இத்தாலியில் பிறந்த பெஸ்கி பாதிரியார். சூசையப்பர் மேல் 3,615 பாடல்களில் தேம்பாவணி பாடிய அதே கைதான், பரமார்த்த குருவையும் அவருடைய ஐந்து முட்டாள் சீடர்களையும் எழுதியது. குரு என்றாலும் சிரிக்கலாம் என்று எழுதியவர் ஒரு குருவே. அதை நான் முதலில் படித்தது பிரெஞ்சில். துய்புவா பாதிரியார் பஞ்சதந்திரத்தோடு சேர்த்து மொழிபெயர்த்து 1826இல் பாரிஸில் வெளியிட்டார். ஆறு தூங்குகிறதா விழித்திருக்கிறதா என்று கொள்ளிக்கட்டையை விட்டுப் பார்த்த சீடர்களை, இன்றைக்கும் கூடுதுறையில் தண்ணீரைப் பார்த்தால் நினைத்துக்கொள்வேன்.

மகளிடம் இதையெல்லாம் சொன்னேன். "எனக்குக் கிடைத்த முட்டி தண்டனை இவளுக்கு வேண்டாம்மா. பயந்து வாசித்ததால் பல வருஷம் பாதி வேதம்தான் படித்தேன்" என்றேன். அவள் பதில் பேசவில்லை.

நேற்று ராத்திரி அவளே சாராள் கதையை எடுத்து வாசித்தாள். சிரிக்கவே இல்லை என்று சாராள் மறுக்கிற இடம் வந்தது. நிறுத்தி என்னைப் பார்த்தாள். "ஏனுங்கப்பா, நானும் இப்படித்தான் சொல்லியிருப்பேன்" என்றாள். மூன்று பேரும் சிரித்தோம். ஜெபம் அதனால் ஒன்றும் குறைந்துபோகவில்லை.