தோற்றுப்போன பாகவதர்

மதுரையில் ஆவணி மூலத் திருவிழா வந்தால் விறகு விற்ற லீலையும் கூடவே வரும். பாணபத்திரருக்காகச் சொக்கநாதர் விறகு சுமந்து வந்து பாடி, வடக்கேயிருந்து வந்த பாடகரை ராவோடு ராவாக ஓடவைத்த கதை. பரஞ்சோதி முனிவர் பாடி வைத்தது. ஆனால் அந்தப் பாடகர் பார்க்க எப்படி இருப்பார்னு யாரிடம் கேட்டாலும், கண் முன்னால் வந்து நிற்பது டி.எஸ்.பாலையாதான். 1965இல் ஏ.பி.நாகராஜனின் ‘திருவிளையாடல்’ வந்த பிறகு ஹேமநாத பாகவதருக்கு வேறு முகமே இல்லை.

பாலையா 1914இல் இன்றைய தூத்துக்குடி மாவட்டத்துச் சுண்டங்கோட்டையில் பிறந்தவர். நாடகக் கம்பெனி வளர்த்த ஆள். அந்தக் கம்பெனிகளில் ஒரு பையன் இன்றைக்கு ராஜா, நாளைக்குச் சேவகன், குரல் உடைந்தால் வேறு வேஷம். ‘எனக்கு இதுதான் வரும்’ என்று சொல்ல அங்கே இடமே கிடையாது. மதுரை அந்தக் கம்பெனிகளின் தாய்வீடு. சங்கரதாஸ் சுவாமிகள் 1918இல் தத்துவ மீனலோசனி வித்துவ பால சபையைத் தொடங்கியது இங்கேதான்.

1936இல் ‘சதிலீலாவதி’. தமிழ் தெரியாத அமெரிக்கர் எல்லிஸ் ஆர்.டங்கன் இயக்கிய படம். எம்.ஜி.ஆர்., என்.எஸ்.கிருஷ்ணன் இருவருக்கும் அதுவே முதல் படம், பாலையாவுக்கும் அப்படியே. அவருக்குக் கிடைத்தது நாயகனைக் கெடுக்கும் வில்லன் வேஷம். அடுத்த இருபது வருஷம் அந்த முத்திரை அவரை விடவில்லை. ‘அம்பிகாபதி’யிலிருந்து ‘மதுரை வீரன்’ வரை வில்லன்தான். நடுவில் அண்ணா எழுதிய ‘வேலைக்காரி’யில் (1949) நாயகனுக்கு யோசனை சொல்லும் நண்பர் மணியாக வந்தார். ‘பாகப்பிரிவினை’யில் குடும்பத்து மூத்தவர். மற்றதையெல்லாம் சொன்னால் வெறும் பட்டியலாகிவிடும்.

நான் நிறுத்திப் பார்ப்பது 1964ஐ. ஸ்ரீதரின் ‘காதலிக்க நேரமில்லை’யில் நாகேஷ் பேய்க்கதை சொல்கிறார், பாலையா கேட்கிறார். அவ்வளவுதான் காட்சி. எல்லாரும் நாகேஷின் பெயரைத்தான் சொல்வார்கள், தப்பில்லை. ஒரு தடவை பாலையாவை மட்டும் பாருங்கள். கதவு சத்தத்துக்கு ஒரு திடுக்கிடல், ‘சும்மா கதைதானே’ என்று தன்னைத்தானே தேற்றிக்கொள்ளும் ஒரு பார்வை, மறுபடி பயம். ஊரை மிரட்டிய வில்லன், தன் மகன் சொல்லும் கதைக்கு நடுங்குகிறார். கேட்பவர் நம்பாவிட்டால் அந்தக் கதை அங்கேயே செத்திருக்கும்.

மறுவருஷம் ஹேமநாதர். குரல் பாலமுரளிகிருஷ்ணாவுடையது, திமிர் முழுக்கப் பாலையாவுடையது. பாடும்போது தோளையும் புருவத்தையும் பாருங்கள்: ராகம் மாறும்போதெல்லாம் சபையை ஒரு பார்வை பார்ப்பார், ‘எவனாவது இருக்கிறீர்களா?’ என்பது மாதிரி. அந்தச் சபையில் பாண்டியனே சின்னவனாகத் தெரிகிறான். பிறகு அந்த இரவு. விறகுவெட்டி பாடுகிறான். பாணபத்திரர் சேர்த்துக்கொள்ளாமல் விரட்டிய சீடன் என்று அவனே சொல்கிறான். கழித்துப்போட்டவனே இப்படிப் பாடினால் குருவின் கதி என்ன? பாலையாவின் முகத்தில் முதலில் தெரிவது பயம் இல்லை, ரசனை. நல்ல பாட்டைக் கேட்ட ஒரு பாடகனின் மலைப்பு. பயம் அதற்குப் பின்னால்தான் வருகிறது. இந்த வரிசைதான் நடிப்பு என்பேன். வரிசை மாறியிருந்தால் அவர் வெறும் கோமாளி ஆகியிருப்பார். சிவாஜி சாக்ஷாத் சிவனாகவே வந்தாலும், அந்த இடத்தில் எனக்குத் தோற்றவர் மேல்தான் கண்.

1968இல் ‘தில்லானா மோகனாம்பாள்’. திரையில் சிவாஜி வாசிக்கும் நாயனம் நம்ம மதுரை எம்.பி.என்.சேதுராமன் - பொன்னுசாமி சகோதரர்கள் ஊதியது. பக்கத்தில் தவிலோடு முத்துராக்குவாகப் பாலையா. கோபக்காரக் கலைஞனோடு குப்பை கொட்டும் மூத்த ஆள். சமாதானம் செய்தே களைத்த அந்தச் சிரிப்பை எந்தக் கல்யாண மண்டபத்துத் தவில்காரரிடமும் இன்றைக்கும் பார்க்கலாம்.

1972 ஜூலையில் பாலையா காலமானார். ஒவ்வொரு ஆவணியிலும் சொக்கர் விறகு விற்கிறார். வேடிக்கை பார்க்கும் கூட்டத்தில் யாராவது ஒருத்தர் கையை உயர்த்தி, புருவத்தைத் தூக்கி, பாலையா மாதிரி ஒரு இழுப்பு இழுத்துக் காட்டுவார். ஜெயித்த பாணபத்திரரை யாரும் நடித்துக் காட்டி நான் பார்த்ததில்லை.